தேய்ந்த விரலை அறிந்தவர்

(தியானத்துக்கு: அர்ச். அருளப்பர் எழுதின சுவிசேஷம், 10-ம் அதிகாரமும் 20-ம் அதிகாரமும்)



போன தபசு காலத்தில் ஒரு நாள் காலைப் பூசை முடிந்து, உடுப்பு மாற்றிக்கொண்டு வெளியே வந்தேன். வயது எழுபதைத் தாண்டின ஆச்சி ஒருவர் வாசற்படியில் நின்றுகொண்டிருந்தார்கள். கையில் துணிப்பை, பைக்குள்ளே ரேஷன் அட்டை. முகம் வாடியிருந்தது. "என்ன ஆச்சி?" என்று கேட்டேன்.

"ரேகை விழல சாமி. மூணு நாளா நடக்கேன். பத்து விரலையும் வச்சுப் பாத்தாச்சு. நான் நானில்லன்னு மெசின் சொல்லுது" என்றார்கள்.

பத்து வயதிலே பீடி சுற்ற உட்கார்ந்தவர்கள் அந்த ஆச்சி. அறுபது வருஷமாய் மடியிலே சுளவு. கடைக்காரரும் தம்மாலானதைச் செய்திருக்கிறார். ஈரத் துணியால் விரலைத் துடைக்கச் சொல்லிப் பார்த்தார்; வெயிலில் சற்று நேரம் நிற்கச் சொல்லிப் பார்த்தார்; நாளைக்கு வாருங்கள் என்று மூன்று நாளும் சொன்னார். அவரைக் குறை கூற நியாயமில்லை. மெசின் சம்மதித்தாலொழிய அவர் படியளக்க முடியாது.

ஆச்சிக்கு உதவி செய்ய வேண்டுமென்று மெய்யாகவே நினைத்தேன். பங்களாவுக்குக் கூட்டிக்கொண்டு போய், பங்குக் குடும்பங்களின் விவரமெல்லாம் பதிந்துவைத்திருக்கிற கம்ப்யூட்டரைத் திறந்தேன். கண்ணைத் திரையிலே வைத்துக்கொண்டே, "உங்க குடும்ப அட்டை நம்பர் என்ன, ஆச்சி?" என்று கேட்டேன்.

கொஞ்ச நேரம் சத்தமில்லை. பிறகு மெதுவாய், "நீங்களுமா, சாமி?" என்றார்கள்.

பிரியமானவர்களே, அந்த வார்த்தை என் நெஞ்சிலே முள்ளாய்த் தைத்தது. இடது புறத்து மூன்றாம் தூணருகே அவர்கள் முழங்காலில் இருப்பார்கள் என்று எனக்குத் தெரியும். இரண்டு வருஷமாய் நாள்தோறும் அந்தக் கையிலேதான் தேவ நற்கருணையை வைத்து வருகிறேன். கையைக் கண்டேன், ஆளைக் காணவில்லை. பேரைக் கேட்கவில்லை. ரேஷன் கடை மெசினுக்கும் உங்கள் பங்குச் சாமியாருக்கும் அன்றைக்கு என்ன வித்தியாசம்? மெசினாவது விரலைத் தொட்டுப் பார்த்தது.

ஆச்சியின் உத்தரவு பெற்றே இதை எழுதுகிறேன். "எம் பேரை மட்டும் போட வேண்டாம் சாமி" என்றார்கள், போடவில்லை. அவர்கள் மூலமாய் ஆண்டவர் எனக்குக் கற்பித்த பாடத்தை இந்த வாரம் உங்களோடு சேர்ந்து தியானிக்க ஆசிக்கிறேன்.

கணக்கு எடுப்பது பாவமா?

முதலாவது ஒரு காரியத்தைத் தெளிவாய்ச் சொல்லிவிட வேண்டும். எண் கொடுப்பதும் கணக்கு எடுப்பதும் தம்மிலே பாவமல்ல. அகுஸ்து இராயன் குடிக்கணக்கு எடுக்கக் கட்டளையிட்டபோது, அர்ச். சூசையப்பரும் தேவமாதாவும் முறுமுறுக்காமல் பெத்லகேமுக்குப் புறப்பட்டுப் போனார்கள். நமது இரட்சகர் பிறந்ததே ஒரு குடிக்கணக்கின் காலத்திலே. திருச்சபையும் பதிவேடு வைத்திருக்கிறது. 1563-ம் வருஷத்தில் திரிதெந்தீன் பொதுச்சங்கமானது, விவாகம் செய்கிறவர்களின் பேரையும், ஞானஸ்நானத்தில் ஞானத்தாய் ஞானத்தகப்பனாய் நிற்கிறவர்களின் பேரையும் புத்தகத்திலே எழுதிவைக்கும்படி பங்குக் குருக்களுக்குக் கட்டளை கொடுத்தது. அந்தக் கட்டளையின் பலனாகத்தான், கலியாணத்துக்கு ஓலை வாங்க வருகிற பிள்ளைகளுக்கு அவர்களுடைய ஞானஸ்நானத்தை நாம் புத்தகம் பார்த்து எழுதிக்கொடுக்கிறோம்.

அவ்வண்ணமே அரசாங்கமும் செய்கிறது. 2010 செப்டம்பர் 29-ந் தேதி மராட்டிய நாட்டில் நந்துர்பார் ஜில்லாவைச் சேர்ந்த தெம்பிளி என்ற சிற்றூரிலே முதல் ஆதார் எண் கொடுக்கப்பட்டது. 12 இலக்கம். ஏழைக்கு உரியதை வேறொருவன் கள்ளப்பேரில் வாங்கிக்கொண்டு போகாதபடிக்கு அது ஏற்பட்டது. நமது தமிழ்நாட்டிலே 2017-ல் பழைய காகித ரேஷன் அட்டைக்குப் பதிலாக ஸ்மார்ட் அட்டை வந்தது. 2020 அக்டோபர் முதல் விரல் ரேகை பார்த்துப் பொருள் கொடுக்கும் ஏற்பாடு வந்தது. வடக்கேயிருந்து பிழைக்க வந்த தொழிலாளி, தன் ஊர் அட்டையைக் கொண்டே இங்கே தானியம் வாங்கவும் இதனால் வழி பிறந்தது. நல்லதை நல்லதென்று சொல்ல வேண்டும்.

நம் பக்கத்து மத்தளம்பாறையைப் பாருங்கள். 2011 முதல் அங்கே சோஹோ கம்பெனியின் அலுவலகம் நடந்து வருகிறது. மலையடிவாரத்துக் கிராமத்திலிருந்தபடியே, தூர தேசத்தார் உபயோகிக்கிற மென்பொருளை நம் பிள்ளைகள் எழுதுகிறார்கள். பட்டணத்துக்கு ஓடிப்போக வேண்டியவர்கள், தாய் தகப்பனோடு ஒரே கூரையின் கீழே இருந்து வேலை செய்யக் கூடுமானால் அது தேவ கிருபையன்றோ? பாப்பரசர் 12-ம் பத்திநாதர் 1957-ல் சினிமா, ரேடியோ, டெலிவிஷன் இவைகளைக் குறித்து எழுதின நிருபத்திலே, மனிதன் கண்டுபிடித்த இந்தக் கருவிகளும் சர்வேசுரனுடைய கொடைகளே என்று ஏற்றுக்கொண்டு, அவற்றை ஆத்தும நன்மைக்கேற்ப உபயோகிக்கும் வகையைப் போதித்தார். ஆகையால் கருவியைச் சபிக்க நான் வரவில்லை. கருவிக்கு எவ்வளவு தெரியும், எதற்கு மேல் தெரியாது என்பதைப் பார்க்கவே வந்தேன்.

கையை நம்பின இசாக்கு

விரல் ரேகை என்பது ஓர் அற்புதம். தாயின் உதரத்திலே, பிறப்பதற்குப் பல வாரங்களுக்கு முன்னமே அது உருவாகி முடிகிறது. இரட்டைப் பிள்ளைகளுக்குங்கூட ஒன்றுபோல் இராது. தாய் வயிற்றின் இருளிலே தன்னை உருவாக்கினவர் சர்வேசுரன் என்று தாவீது இராசா 138-ம் சங்கீதத்திலே (இந்நாளைய எண்ணிக்கையில் 139) வியந்து துதிக்கிறார். அந்த உருவாக்கத்தின் முத்திரை நம் ஒவ்வொருவர் விரல் நுனியிலும் இருக்கிறது.

இந்த ரேகையைக் கொண்டு ஆளை அறியும் வித்தை நம் தேசத்திலே வளர்ந்தது. 1897-ல் கல்கத்தாவில் கைரேகை அலுவலகம் ஏற்பட்டது. உலகத்திலேயே அதுதான் முதலாவது என்பார்கள். அஜிசுல் ஹக், ஹேமச்சந்திர போஸ் என்ற இரண்டு இந்தியர்கள் ரேகைகளை வகை பிரிக்கும் முறையை அமைப்பதற்கு மிகவும் பாடுபட்டார்கள். குற்றவாளிகளைக் கண்டறிவதற்காக அது உபயோகப்பட்டது. கள்ளனைப் பிடிக்க உதவின வித்தை இன்றைக்கு அரிசி வாங்க வந்த ஆச்சியைச் சோதிக்கிறது.

ஆனால் ரேகை தேயும். நம் தாய்மார்களுக்கு இதைச் சொல்லித்தர வேண்டியதில்லை. பீடி இலையை நனைத்து, கத்தரித்து, தூளை வைத்து, இரண்டு கை விரலாலும் உருட்டிச் சுருட்டி, முனையை மடக்கி, நூலைச் சுற்றுகிறீர்கள். ஒரு பீடிக்கு எத்தனை உரசல்! ஒரு நாளைக்கு எத்தனை நூறு பீடி! வருஷக்கணக்காய் இப்படி உரசின விரலிலே ரேகை எங்கே நிற்கும்? சிமெண்டு குழைக்கிற கொத்தனாருக்கும், கல் உடைக்கிறவருக்கும், நாலு வீட்டுப் பாத்திரம் தேய்க்கிற பெண்ணுக்கும் இதே கதைதான். முதுமையும் சேர்ந்தால் கேட்க வேண்டாம். ஆகவே மெசினுக்கு எளிதாய்ப் பிடிபடுவது உழையாத கை. பிள்ளைகளுக்காகத் தேய்ந்த கையைத்தான் அது தெரியாதென்கிறது.

ஆதியாகமம் 27-ம் அதிகாரத்தை நினைத்துக்கொள்ளுங்கள். இசாக்கு முதிர்ந்த வயதிலே கண்பார்வை மங்கியிருந்தார். யாக்கோபு தன் தமையனாகிய ஏசாவின் ஆசீரைப் பெற்றுக்கொள்ள வந்து நின்றான். கைகளிலே ஆட்டுக்குட்டித் தோல். குரலைக் கேட்டபோது அது யாக்கோபின் குரலென்று தகப்பனுக்குப் பட்டது. தொட்டுப் பார்த்தபோது ஏசாவின் கையென்று பட்டது. காதை விட்டுக் கையை நம்பினார், ஏமாந்துபோனார். பெற்ற தகப்பனே கையை மட்டும் நம்பினால் பிள்ளையை மாற்றி அறிவானானால், உயிரில்லாத மெசினைக் குறித்து என்ன சொல்ல! அதற்குக் கை மாத்திரம் தெரியும். நின்று கெஞ்சுகிற குரல் அதற்குக் கேளாது.

இதை ஆளுகிறவர்களும் அறியாமலில்லை. ரேகை பொருந்தவில்லை என்ற காரணத்துக்காக உரியவருக்கு உரியது மறுக்கப்படாது என்று அரசாங்கத்தின் தரப்பிலே உச்ச நீதிமன்றத்தில் உறுதி சொல்லப்பட்டு, 2018 செப்டம்பர் 26-ந் தேதித் தீர்ப்பிலும் அது இடம்பெற்றிருக்கிறது. அப்படியிருந்தும் மூன்று நாள் நடந்தாள் ஒரு கிழவி. சட்டத்தில் இருக்கிறது கடைவாசல் வரை வந்து சேர, கூடவே நடந்து வருகிற ஒரு மனுஷன் வேண்டும். அவளுக்கு அந்த மனுஷன் இல்லாமற் போனதே நம்முடைய குறை.

இன்னொன்று சொல்லுகிறேன். பென்ஷன் வாங்குகிற பெரியவர்கள் வருஷத்துக்கு ஒருமுறை தாங்கள் உயிரோடிருப்பதாகச் சான்று கொடுக்க வேண்டும். 2014 நவம்பரிலே அதற்கும் விரல் ரேகை பார்த்துச் சான்று கொடுக்கிற ஏற்பாடு வந்தது. ஜீவன் பிரமாண் என்று பேர். பலருக்கு அது பெரிய உபகாரம். அலுவலகம் ஏறி இறங்க வேண்டியதில்லை. ஆனாலும் ஒரு முதியவர் என்னிடம் சிரித்துக்கொண்டே சொன்னார்: "வருஷத்துக்கு ஒருதரம் நான் உசிரோட இருக்கேனான்னு கேக்கிறது அந்த ஒண்ணுதான், சாமி." சிரித்தார், எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவருக்கு மூன்று பிள்ளைகள்.

ஆண்டவரை எதைக் கொண்டு அறிந்தார்கள்?

நிற்க. ஓர் ஆளை மெய்யாகவே அறிவது எப்படி? இதற்குப் பதில் வேண்டுமானால் உயிர்த்த ஞாயிறன்று நடந்ததைப் பார்க்க வேண்டும். மரித்து அடக்கஞ்செய்யப்பட்டவர் எதிரே வந்து நிற்கிறார். அவர்தானா என்று அறிய வேண்டும். இதைவிடப் பெரிய அடையாளச் சோதனை உலகத்தில் உண்டோ? அவரை நேசித்தவர்கள் மூன்று அடையாளங்களாலே அவரை அறிந்துகொண்டார்கள்.

முதலாவது, பேர். மரிய மதலேனம்மாள் கல்லறையருகே அழுதுகொண்டு நின்றாள். கண்ணாலே பார்த்தாள், தோட்டக்காரன் என்று எண்ணிக்கொண்டாள். ஆண்டவர் அவளைப் பேர் சொல்லிக் கூப்பிட்டார். அவ்வளவுதான், தெரிந்துகொண்டாள். நல்ல ஆயன் தன் ஆடுகளை மந்தையாக அல்ல, ஒவ்வொன்றாய்ப் பேர் சொல்லி அழைக்கிறான் என்று அவர் முன்னமே போதித்திருந்தாரே, அதைத் தாமே செய்து காட்டினார். பேர் சொல்லி அழைக்கப்பட்டபோது அவள் ஆண்டவர் இன்னாரென்று அறிந்தாள். தான் இன்னாளென்றும் அறிந்தாள்.

இரண்டாவது, காயம். அப்போஸ்தலர்கள் பயந்து, ஆவியைக் காண்கிறோமோ என்று கலங்கினபோது, அவர் தம்முடைய கைகளைக் காண்பித்தார். எட்டாம் நாளில் அர்ச். தோமையாருக்கும் அதே கையைத்தான் காண்பித்தார். மகிமையடைந்த சரீரத்திலே ஆணித் தழும்பு எதற்கு? மறைத்திருக்கலாமே! மறைக்கவில்லை. நமக்காகப் பட்டதே அவருடைய அடையாளம். தச்சுப் பட்டறையிலே உழைத்துக் காய்ப்பேறி, சிலுவையிலே துளைக்கப்பட்ட கை அது. எந்த மெசினிலே வைத்தாலும் அந்தக் கை பொருந்தியிராது. தோமையாரோ அந்தக் கையைப் பார்த்துத்தான் தம் ஆண்டவரையும் தம் தேவனையும் கண்டுகொண்டார்.

மூன்றாவது, அப்பம். எம்மாவுஸ் ஊருக்குப் போன இரண்டு சீஷர்கள் வழிநெடுக அவரோடு பேசிக்கொண்டே போனார்கள், அறியவில்லை. பொழுது சாய்ந்து, ஒரே பந்தியில் உட்கார்ந்து, அவர் அப்பத்தைப் பிட்டுக் கொடுத்தபோது கண் திறந்தது.

பேர், காயம், அப்பம். இந்த மூன்றினாலும் அறியப்பட்டவனே தான் யார் என்று தெரிந்தவன். இந்த மூன்றும் இல்லாதவனுக்கு 12 இலக்கம் இருந்தாலும், கைபேசியிலே ஆயிரம் சிநேகிதர்கள் இருந்தாலும், அவன் தன்னந்தனியனே.

நம் வீட்டிலே நாம் எப்படி?

இப்போது சாரல் காலம். குற்றாலத்துக்குப் போய்ப் பாருங்கள். பேரருவியின் கீழே நிற்கிறவன் கையிலே கைபேசி இல்லை. கரையிலே பத்திரமாய்ப் பாட்டியிடம் கொடுத்துவிட்டுத்தான் போக வேண்டும். தண்ணீர் தலையிலே விழும்போது முதலாளியென்றும் கூலிக்காரனென்றும் வேறுபாடு தெரியாது. அந்தக் கால்மணி நேரம் அவன் ஒரு மனுஷன். பக்கத்திலே நிற்கிறவன் கையைப் பிடித்துக்கொள்ளுகிறான். பிள்ளையைத் தூக்கி நீரிலே காட்டுகிறான். பேர் சொல்லிக் கத்துகிறான். வெளியே வந்தவுடனே முதலில் தேடுவது துண்டையா, கைபேசியையா? சிலர் குளிக்கவுமில்லை, அருவிக்கு முதுகைக் காட்டித் தங்களையே படம் பிடித்துக்கொண்டு திரும்பிப்போகிறார்கள். அருவியைப் பார்த்தோம் என்பார்கள். அருவிதான் அவர்கள் முதுகைப் பார்த்தது.

இதை நினைக்கும்போது ஞானஸ்நானத் தொட்டி என் ஞாபகத்துக்கு வருகிறது. அங்கே குருவானவர் தண்ணீர் வார்ப்பதற்கு முந்தி, வாசலிலேயே கேட்கிற முதற் கேள்வி, இந்தப் பிள்ளைக்கு என்ன பேர் என்பதே. சொத்தென்ன, படிப்பென்ன, எண்ணென்ன என்று திருச்சபை கேட்பதில்லை. பேர் சொல்லி, தலையிலே தண்ணீர் வார்த்து, சர்வேசுரனுடைய பிள்ளையாக்கின பிறகுதான் புத்தகத்தில் எழுதுகிறோம். முதலில் அழைப்பு; பிறகு பதிவு. இந்த வரிசை மாறினால் கோவிலும் அலுவலகமாய்ப் போகும். அன்றைக்கு என் பங்களாவிலே மாறினது இந்த வரிசைதான்.

உங்கள் வீட்டிலே எப்படி? முன்னாளில் சாயங்காலமானால் நாலு வீட்டுப் பெண்கள் திண்ணையில் சேர்ந்து உட்கார்ந்து பீடி சுற்றுவார்கள். கை வேலை செய்யும். வாய் செபமாலை சொல்லும், அல்லது ஊர்க்கதை சொல்லும். ஊர்க்கதையிலே கொஞ்சம் பாவமும் இருந்திருக்கும், அதற்குப் பாவசங்கீர்த்தனம் உண்டு! ஆனால் யார் வீட்டில் அடுப்பு எரியவில்லை என்பது திண்ணைக்குத் தெரியும். இன்றைக்கு அதே சுளவு, அதே இலை. ஒவ்வொருத்தியும் தன் வீட்டுக்குள்ளே, காதிலே கருவி. அடுத்த வீட்டிலே அழுகிற சத்தம் எப்படிக் கேட்கும்?

ஒரு வீட்டுக்குப் போயிருந்தேன். மகன் கம்ப்யூட்டர் வேலை, வீட்டிலிருந்தே செய்கிறான். கடல் கடந்த தேசத்தாரோடு ஒரே நாளில் பத்துத் தரம் பேசுகிறான். நல்ல பிள்ளை, உத்தியோகத்திலே கெட்டிக்காரன். பக்கத்து அறையிலே தாய். "உங்க அம்மாவுக்குக் கை எப்படி இருக்கு, தம்பி?" என்று கேட்டேன். விழித்தான். பீடி சுற்றிச் சுற்றி அந்தத் தாயின் வலது கைப் பெருவிரல் மடங்காமற் போய் எட்டு மாதமாயிற்று. அவன் படிப்புக்கான பணம் அந்த விரலிலிருந்து வந்தது. மகனே, உலகமெல்லாம் உன்னை அறிந்திருக்கிறது. உன் தாயின் கையை நீ அறிந்திருக்கிறாயா? அந்தக் காயத்தை அறியாதவன் தான் யாரென்று எப்படி அறிவான்?

இந்நாட்களிலே பேசுகிற கருவியும் வந்துவிட்டது. செயற்கை அறிவு என்கிறார்கள். கேட்டதற்கெல்லாம் பதில் சொல்லும். இராத்திரி ஒரு மணிக்கும் சலிக்காமல் பேசும். "அது ஒண்ணுதான் சாமி நான் சொல்றத முழுசாக் கேக்குது" என்று ஒரு வாலிபன் என்னிடம் சொன்னான். அவனை நான் கண்டிக்கவில்லை. அவன் பேச்சை முழுவதும் கேட்க நேரமில்லாத நம்மையல்லவோ கண்டிக்க வேண்டும்! ஆயினும் அவனுக்கு ஒன்று சொன்னேன். தம்பி, அந்தக் கருவி உன் பேரைச் சொல்லும்; ஆனால் உனக்காக ஒரு கீறல்கூடப் பட்டதில்லை. உன்னோடு உட்கார்ந்து ஒரு பிடி சோறு உண்டதுமில்லை. பேர் மட்டும் இருக்கிறது, காயமில்லை, அப்பமில்லை.

ரோமாபுரியிலிருந்து 2025 ஜனவரி 28-ந் தேதியிட்டு வந்த 'அந்திகுவா எத் நோவா' என்ற போதனையும் இதைக் குறித்தே எச்சரிக்கிறது. கருவியின் புத்தியும் மனிதனுடைய புத்தியும் ஒன்றல்ல. மனிதன் சரீரமும் ஆத்துமமுமாய், பிறரோடு உறவாடவும் நேசிக்கவும் சர்வேசுரனுடைய சாயலாய் உண்டாக்கப்பட்டவன் என்பதே அதன் சாரம். அதே வருஷம் மே மாதம் 8-ந் தேதி தெரிந்துகொள்ளப்பட்ட நமது பரிசுத்த பாப்பரசர் 14-ம் சிங்கராயர் (லியோ) தாம் அந்தப் பேரை எடுத்ததற்கும் இதையே முக்கிய காரணமாகச் சொன்னார். 1891-ல் 13-ம் சிங்கராயர், ஆலைகள் பெருகின காலத்திலே தொழிலாளியின் நியாயத்துக்காக 'ரேரும் நொவாரும்' நிருபத்தை எழுதினார். செயற்கை அறிவு வந்திருக்கிற இந்தக் காலத்திலும் மனிதனுடைய மாண்பையும் அவன் உழைப்பையும் காக்க வேண்டிய கடமை திருச்சபைக்கு உண்டென்று நமது பாப்பரசர் நினைப்பூட்டினார். நம் ஆச்சியின் விரல் பாப்பரசருடைய கவலையிலே இருக்கிறது, பிரியமானவர்களே. நம் கவலையிலே இருக்கிறதா?

ஆச்சி வீட்டுக் காப்பி

ஆச்சிக்கு என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். அன்றைக்கு நான் கம்ப்யூட்டரை மூடினேன். "உங்க பேர் என்ன, ஆச்சி?" என்று கேட்டேன். சொன்னார்கள். மறுநாள் நம் வாலிபர் சபைப் பையன் ஒருவன் கூடப்போனான். கடைக்காரர் வேறு வழியாய் அடையாளம் பார்த்து அரிசியைக் கொடுத்தார். அரை மணி நேர வேலை.

அந்த வாரத்திலே அவர்கள் வீட்டுக்குப் போனேன். ஒற்றை அறை. திரு இருதயப் படம். அதன் கீழே சுளவு. கருப்பட்டிக் காப்பி போட்டுக் கொடுத்தார்கள். தாங்களும் ஒரு தம்ளர் எடுத்துக்கொண்டு எதிரே உட்கார்ந்தார்கள். கையை நீட்டிக் காட்டினார்கள். விரல் நுனிகள் பீங்கானைப்போல் வழுவழுவென்று இருந்தன. இந்த விரலால் இரண்டு பெண்களைக் கரையேற்றினதையும், ஒரு மகனைப் பறிகொடுத்ததையும் சொன்னார்கள். நான் ஒன்றும் பிரசங்கம் பண்ணவில்லை, காப்பியைக் குடித்தேன். பேர் தெரிந்தது, காயம் தெரிந்தது, ஒரே பாத்திரத்துக் காப்பியும் குடித்தாயிற்று. எழுந்து வரும்போது, "இப்பத்தான் சாமி எனக்கு நான் நான்தான்னு இருக்கு" என்றார்கள்.

மறுநாள் பூசையிலே அந்தக் கையில் நற்கருணையை வைத்தபோது என் கை சற்று நடுங்கினது.

இந்த வாரம் செய்ய வேண்டியவை

1. ஞாயிறு பூசைக்கு வருகிறபோது உங்கள் வாங்கிலே பக்கத்தில் இருக்கிறவருடைய பேர் தெரியாவிட்டால், பூசை முடிந்து கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். அடுத்த ஞாயிறு அந்தப் பேர் சொல்லித் தோத்திரம் சொல்லுங்கள்.

2. தினமும் இராத்திரி குடும்ப செபம் தொடங்கி சாப்பாடு முடிகிற வரைக்கும் வீட்டிலுள்ள கைபேசியெல்லாம் ஒரு பெட்டியிலே கிடக்கட்டும். ஒரே பந்தியில் உட்கார்ந்து, ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துச் சாப்பிடுங்கள்.

3. பிள்ளைகளே, இன்றைக்கே உங்கள் தாய் தகப்பன் கையைப் பிடித்துப் பாருங்கள். எங்கே காய்ப்பு, எங்கே வெட்டு என்று கேளுங்கள். அதிலே உங்கள் கதை எழுதியிருக்கிறது.

4. உங்கள் தெருவிலே ரேகை விழாத முதியவர் யாராவது உண்டா என்று விசாரியுங்கள். கூடவே கடைக்கு நடந்து போங்கள். ரேகை விழாதவர்களுக்காகக் கருவிழி பார்க்கிற கருவியும் கடைகளுக்கு வந்திருக்கிறது. நடக்க முடியாதவர்கள் தங்களுக்குப் பதிலாக வேறொருவரை எழுத்துமூலம் நியமிக்கவும் வழி உண்டு. முதியோருக்கும் ஊனமுற்றோருக்கும் வீட்டிலேயே பொருள் கொண்டுபோய்க் கொடுக்கும்படி 2025 ஆகஸ்டு 12-ந் தேதி தாயுமானவர் திட்டமும் தொடங்கப்பட்டது. எழுதத் தெரியாதவர்களுக்கு மனு எழுதிக்கொடுக்க, சனிக்கிழமை சாயங்காலம் நம் வாலிபர் சபையார் பங்களாத் திண்ணையில் இருப்பார்கள். அங்கே முதற் கேள்வி பேராகத்தான் இருக்கும். இது என் உத்தரவு.

முடிவாக ஒன்று. இசாயாஸ் தீர்க்கதரிசியின் 49-ம் அதிகாரத்திலே, தான் மறக்கப்பட்டோம் என்று அழுத ஜனத்துக்குச் சர்வேசுரன் சொல்லுகிற ஆறுதலை வாசியுங்கள். தாய் தன் பிள்ளையை மறந்தாலும் தாம் மறப்பதில்லையென்றும், அவர்களைத் தமது உள்ளங்கையிலே பொறித்து வைத்திருப்பதாகவும் சொல்லுகிறார். நம் கையிலே பொறிக்கப்பட்ட ரேகை உழைப்பினாலே தேய்ந்துபோகும். அவர் கையிலே நாம் ஆணியாலே பொறிக்கப்பட்டிருக்கிறோம்; அது தேயாது. நியாயத்தீர்ப்பு நாளிலே நாம் நம் விரலை வைக்க வேண்டியதில்லை. அவர் தம் கையைத் திறந்து பார்ப்பார்.

செபிப்போமாக: எங்களைப் பேர் சொல்லி அழைத்த நல்ல ஆயரே, தேய்ந்த கைகளை நாங்கள் அலட்சியம் செய்ததைப் பொறுத்தருளும். எங்கள் வீட்டிலும் தெருவிலும் தாம் யாரென்று கேட்பாரில்லாமல் தவிக்கிறவர்களை, உம்மைப்போல் பேர் சொல்லிக் கூப்பிட எங்களுக்கு நாவையும், அவர்கள் காயத்தைப் பார்க்கக் கண்ணையும், அவர்களோடு அப்பம் பிட்க மனதையும் தந்தருளும். தேவமாதாவே, உழைத்த கையை உடைய அர்ச். சூசையப்பரே, எங்களுக்காக வேண்டிக்கொள்ளுங்கள். பிதா, சுதன், இஸ்பிரீத்துசாந்துவின் நாமத்தினாலே. ஆமென்.

ஆண்டவருக்குள் உங்கள் ஊழியன்,
பங்குச் சாமியார்